ஒரு மூட்டை ஆற்று மணல்

பறிமுதல் ஆன லாரிகளுக்கும் டிராக்டர்களுக்கும் நடுவில், யானைக் கூட்டத்தில் சிக்கிய ஆட்டுக்குட்டி மாதிரி நின்றிருந்தது கோபாலகிருஷ்ணனின் நீல ஸ்கூட்டர்.

"அதோ!" என்று கத்திவிட்டார் அவர். கத்திய பிறகுதான், நிற்பது போலீஸ் ஸ்டேஷன் என்பது நினைவுக்கு வந்தது.

பக்கத்தில் நின்ற சகுந்தலா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்.

காலையில் செங்கல்பட்டு கோர்ட்டில் வண்டியை விடச் சொல்லி உத்தரவு கிடைத்ததிலிருந்து இருவருக்கும் இந்தச் சிரிப்பு வியாதிதான். ஜாமீன் கையெழுத்துப் போடும்போது சகுந்தலாவின் கை குலுங்கி எழுத்து கோணிப்போனது. கிளார்க் முறைத்தார். அதற்கும் சிரிப்பு.

கோபாலகிருஷ்ணனுக்குக் கல்பாக்கத்தில் கணக்குப் பிரிவில் வேலை. ரிட்டயர் ஆகப் போகிறார். எதிரே ஒரு மாடுகூட வராத சாலையிலும் சிவப்பு விளக்குக்கு நிற்பவர். அவர் மேல் மணல் கடத்தல் வழக்கு.

நடந்தது இதுதான். போன வாரம் ஒருநாள் விடியற்காலையில் பாலாற்றங்கரைக்குப் போனார். வீட்டிலிருந்து கொண்டுபோன பிளாஸ்டிக் மக்கால் மணலை அள்ளி, ஒரு சிமெண்ட் சாக்கில் நிரப்பினார். ஸ்கூட்டரில் கால் வைக்கும் இடத்தில் சாக்கை நிறுத்தினார். அப்போது ஜீப் சத்தம் கேட்டது.

ஆற்றுக்குள் இருந்த டிராக்டர்கள் எல்லாம் திசைக்கொன்றாய்ப் பறந்தன. இவர் மட்டும் மக்கும் கையுமாக நின்று, "குட் மார்னிங் சார்" என்றார்.

கடலோரத்தில் குடியிருக்கும் மனிதர் மணலுக்காக இவ்வளவு தூரம் வருவானேன் என்று இன்ஸ்பெக்டருக்குச் சந்தேகம். எதற்கு மணல் என்று கேட்டார். கோபாலகிருஷ்ணன் காதுவரை சிவந்துபோய்த் தரையைப் பார்த்தார். திரும்பக் கேட்டார். இவர் குனிந்து சாக்கின் வாயை இறுக்கிக் கட்டினார். அப்படி ஒரு திருட்டு முழியை இன்ஸ்பெக்டர் தம் சர்வீஸில் கண்டதில்லை.

வண்டியைப் பிடித்து உள்ளே போட்டுவிட்டார்கள்.

இப்போது, தன் லாரியை மீட்க வந்து காத்திருந்த தணிகைவேல் என்பவர், சொந்தக்காரரைக் கண்ட சந்தோஷத்தோடு கிட்டே வந்தார்.

"இன்னா சார், எத்தினி லோடு?"

"ஒரு மூட்டை," என்றார் கோபாலகிருஷ்ணன். குரலில் கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

தணிகைவேல் லாரியின் மட்கார்டைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். விஷயம் பரவி, அவருடைய ஆட்களும் சிரித்தார்கள். சிரித்த கையோடு ஸ்கூட்டரை லாரிகளுக்கு நடுவிலிருந்து தூக்கிக்கொண்டு வந்து வைத்தார்கள்.

சாவி கொடுத்தார் கான்ஸ்டபிள் வரதன். ஸ்கூட்டர் கிளம்பவில்லை. ஒரு பக்கமாகச் சாய்த்துப் பார்த்தார்கள். ஆளாளுக்கு உதைத்தார்கள். கடைசியில் கோபாலகிருஷ்ணனை உட்காரவைத்து, கொடிக்கம்பத்தைச் சுற்றித் தள்ளிக்கொண்டு ஓடினார்கள். மணல் வழக்கில் மாட்டிய அத்தனை பேரும் பின்னால் ஓட, வழுக்கைத் தலையில் வெயில் மின்ன, "விடாதீங்க, விடாதீங்க!" என்று கத்தினார் அவர்.

குபுக்கென்ற புகையோடு வண்டி உயிர்த்தது. யாரோ விசில் அடித்தார்கள். கோபாலகிருஷ்ணன் நிறுத்தாமல் கம்பத்தை இன்னொரு சுற்று சுற்றினார்.

"சார், இது ஸ்டேஷன் சார்!" என்று கெஞ்சினார் வரதன். வண்டி பக்கத்தில் வந்து நின்றதும் அவருக்கே ஆவல் தாங்கவில்லை. "அன்னிக்கே சொல்லியிருந்தா அய்யா வுட்டிருப்பாரு. மணலு இன்னாத்துக்கு சார்?"

கோபாலகிருஷ்ணனின் காது மறுபடி சிவந்தது.

சகுந்தலாதான் பதில் சொன்னார். "ஹோமகுண்டத்துக்கு. கடல் மணல் ஆகாது, ஆத்து மணல்தான் வேணும்னுட்டார் ஐயர்."

"பொண்ணு கல்யாணமா மேடம்?"

"இல்லைங்க. எங்க கல்யாணம்."

வரதன் தொப்பியைக் கழற்றினார். எதற்குக் கழற்றினோம் என்று புரியாமல் மறுபடி மாட்டிக்கொண்டார்.

தணிகைவேலின் ஆட்களில் ஒருவர் ஓடிப்போய், பேட்டரி சாகாத ஒரு லாரியின் ஹாரனை நீளமாக அழுத்தினார்.

இத்தனை வருடமும் ஒரே ஆபீஸ், எதிரெதிர் மேஜை. ஸ்டாஃப் பஸ்ஸின் ஜன்னலோரத்தில் உட்கார்ந்து, முன்னால் போகும் இந்த நீல ஸ்கூட்டரைப் பார்த்துக்கொண்டே வந்தவர் சகுந்தலா. இன்று முதல் தடவையாக அதன் பின்சீட்டில் ஒருபக்கமாக ஏறி உட்கார்ந்தார். மடியில் கைப்பையை வைத்தார். புடவையைச் செருகினார். கை எதையோ தேடியது.

ஹாரன் சத்தத்துக்கு நடுவே, அவருக்கு மட்டும் கேட்கும்படிக் குனிந்து கேட்டார்.

"சார், நான் எங்க பிடிச்சுக்கணும்?"

கோபாலகிருஷ்ணனுக்கும் அது தெரியவில்லை.