இரணியன் நீட்டிய கோப்பி

"என் நடிப்பைப் பார்த்து நரசிம்ம சாமியே விழுந்து விழுந்து சிரிச்சாரு" என்றார் விநாயகம்.

காஜா பேராங் ஊர்க் கோயில் கூட்டத்தில் யாரும் நம்பவில்லை. மெர்டேக்கா சுதந்திர நாள் நாடகத்தில் இரணியனைக் கோமாளியாக்கியவரை இனி மேடையேற்றலாமா என்று முடிவெடுக்கத்தான் கூடியிருந்தார்கள்.

"உள்ளேயும் வெளியேயும் சாகக்கூடாதுன்னு வரம் வாங்கினவன், வாசப்படியைக் கண்டா பயப்பட மாட்டானா? அதைத்தான் நடிச்சேன்."

"தூணுக்குக் கோப்பி நீட்டினியே?" என்றார் தலைவர் சோமசுந்தரம்.

"உள்ள புழுக்கமா இருக்குமே. குடிச்சிட்டு வந்து கொல்லட்டும்னுதான்."

"அந்தக் கோபத்துலதான் சாமி வெளிய வராம தூணையே ஆட்டுச்சு. சனங்க பயந்து சூடம் கொளுத்தினாங்க."

தூண் ஆடிய ஆட்டத்தில் பக்கத்து ஊரான செமாபோக்கில் சட்டி பானை உருண்டதாகக்கூடப் பேச்சு.

"அது கோபம் இல்லைங்க, சிரிப்பு."

"புளுகு" என்றார் சுப்புராமன், தலை குனிந்தபடி.

விநாயகம் அவரையே பார்த்தார். பிறகு இரணியனின் ஒட்டு மீசையைச் சட்டைப்பையிலிருந்து எடுத்து மேசைமேல் வைத்தார்.

"வருசா வருசம் அசுரனா செத்தேன். அவனுக்கும் பயம் இருந்திருக்கும்னு ஒரு தடவை காட்டினேன். அது குத்தம்னா வேற ஆளைப் பாருங்க."

அவர் வாசலை நெருங்கும்போது சுப்புராமன் எழுந்தார்.

"நில்லுப்பா."

அன்று காகிதத் தூணுக்குள் சிங்க முகத்தோடு நின்றவர் அவர்தான்.

"நாடகம் முடிஞ்சதும் சாமி வந்துச்சுன்னு எல்லாரும் என் கால்ல விழுந்தாங்க தலைவரே. அதுக்கப்புறம் உண்மையைச் சொல்ல வெக்கமா போச்சு. விநாயகம் சொல்றது நெசம். வயித்தைப் பிடிச்சுக்கிட்டுச் சிரிச்சேன். அதான் வெளிய வர முடியலை."