அணைக்கச் சொன்ன பிறகு

கல்குவாரியில் மகனைப் பறிகொடுத்த அந்தத் தாய், "போதும் தம்பி, கேமராவ அமத்திருங்க" என்று கையெடுத்துக் கும்பிட்டாள். இயக்குநர் கதிரவேல் அணைக்கவில்லை. அதன் பிறகு அவள் உடைந்து அழுததும் பதிவாகியிருந்தது.

"அந்த அழுகதான் படமே, ஜெசிந்தாக்கா" என்றான் எடிட்டிங் அறையில்.

ஜெசிந்தா இருபத்திரண்டு வருடமாக ஆவணப்படங்களை வெட்டிக் கோக்கிறவள். இப்படிப்பட்ட அழுகைகளைத் தேடியெடுத்து வைத்தே பெயர் வாங்கியவள். இன்று, கும்பிட்ட கை கீழே இறங்குவதற்குள் காட்சியை வெட்டினாள். சத்தத்தையும் எடுத்துவிட்டு ஓடவிட்டாள். திரை இருண்டது. கதிரவேல் காத்திருந்தான். அடுத்த காட்சி வருவதாக இல்லை.

"எவ்வளவு நேரம்க்கா இப்படி இருட்டாவே இருக்கும்?"

ஜெசிந்தா திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"அந்தம்மா அழுது முடிக்கிற வரைக்கும்."