ஒரு முழ மஞ்சள் நூல்

யோகலட்சுமியின் கையைக் கட்டி இன்றோடு ஆறு நாள். பெற்ற தாயே பக்கத்தில் நின்று, ஊர் பார்க்கக் கட்டியது.

விலங்காக இருந்தாலாவது அறுத்தெறிய ஆள் தேடலாம். இது ஒரு முழ மஞ்சள் நூல், நடுவில் ஒரு மஞ்சள் கிழங்குத் துண்டு. சங்கரன்கோவிலில் அவர்கள் தெரு அம்மனுக்கு வெள்ளிக்கிழமை கொடைத் திருவிழா. கொடை நாடகத்தில் அம்மனாக நிற்பவள் எட்டு நாளுக்கு முன்பே காப்புக் கட்டிக்கொள்ள வேண்டும். கட்டிவிட்டால் அவ்வளவுதான், அவிழ்க்கும்வரை ஊர் எல்லையைத் தாண்டக் கூடாது.

பதினாறு வயதில் குருவிகுளத்துக் கொடையில் முதன்முதலாக அம்மன் கிரீடம் வைத்தவள். ஆறு வருஷமாக மேடை மேடையாக நின்று, போன மாதம்தான் சென்னை வடபழனியில் ஒரு டிவி சீரியல் ஆபீஸில் நடித்துக் காட்டிவிட்டு வந்தாள். அங்கிருந்து போன் வராதா என்று ஏங்கிக் கிடந்தாள். வந்த நேரத்தைப் பாருங்கள், கொடைக்கு இரண்டு நாள் இருக்கும்போது!

"அம்மன் வேஷம் உங்களுக்குத்தாம்மா. வெள்ளிக்கிழமை காலையில பத்து மணிக்கு ஷூட்டிங், ரெடியா இருங்க," என்றார் உதவி டைரக்டர் முகம்மது ரியாஸ். "அங்க மழை ஏதும் இருக்கா?"

"மழை எங்க சார், காத்துதான் ஆளத் தூக்குது."

"அப்ப சரி," என்று வைத்துவிட்டார். இவ்வளவு பெரிய ஆபீஸ்காரர் ஊர் மழையெல்லாம் விசாரிக்கிறாரே என்று இவளுக்கு ஒரே பூரிப்பு.

அந்தப் பூரிப்பு அம்மா மாரித்தாயிடம் சொல்லும்வரைதான்.

"காப்பு கட்டுன கையோட எல்ல தாண்டுனா ஆத்தா சும்மா விடுவாளாட்டி? டிவி எங்கயும் ஓடிப் போவாது."

"இது போனா இன்னொண்ணு வருமாம்மா? சாவுற வரைக்கும் அட்டைக் கிரீடத்தோட நிக்கச் சொல்லுதியா?"

மாரித்தாய் கொஞ்சம் இறங்கினாள். "அண்ணாச்சி அவுத்துவிட்டா போ. ஆனா டிவி கிவின்னு வாயத் தொறந்துராத. காரியம் முடியுமுன்ன சொன்னா கண்ணு பட்டுரும்."

கோயில் கமிட்டித் தலைவர் வெள்ளத்துரை அண்ணாச்சி பந்தலடியில் நின்று போன் பேசிக்கொண்டிருந்தார். "ரெண்டு வேனா? தாராளமா நிக்கலாம் சார். நான் ஒருத்தர்ட்டயும் சொல்லல. சொன்னா கூட்டம் அள்ளிரும்லா." இவளைப் பார்த்ததும் போனைச் சட்டைப்பைக்குள் போட்டார். ஏதோ பெரிய கச்சேரிக்கு ஏற்பாடு பண்ணுகிறார் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டாள்.

"அண்ணாச்சி, அவசரமா சென்னைக்குப் போணும். காப்ப அவுத்துவிடுங்க. எனக்குப் பதிலா, தோழியா வேஷங்கட்டுதால்லா பிரேமலதா, அவ நிக்கட்டும்."

"அப்படி என்ன சோலி மக்கா?"

சொல் நாக்கு நுனிவரை வந்தது. கண்ணு பட்டுரும்! விழுங்கிவிட்டாள். "சும்மா... ஒரு சோலி அண்ணாச்சி."

"சும்மா சோலிக்கா ஆத்தா காப்ப அவுக்கச் சொல்லுத? நல்லா இருக்கு! போ, போயி வசனத்தப் பாரு."

எந்தப் பக்கம் திரும்பினாலும் சுவர். அன்றைக்கு அவளுக்குச் சோறு இறங்கவில்லை. மணிக்கட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

கொடைக்கு முந்தின இரவு, காப்புக் கட்டியவர்கள் கோயிலில்தான் படுக்க வேண்டும். வியாழன் சாயங்காலம் அம்மாவிடம் கோயிலுக்கு என்றாள், கோயிலில் தலைவலி, வீட்டில் படுக்கிறேன் என்றாள். ஏறியது பொதிகை எக்ஸ்பிரஸில்.

ரயில் நகர்ந்ததும் மேக்கப் பெட்டியிலிருந்து கத்தரிக்கோலை எடுத்தாள். காப்போடு எல்லை தாண்டினால்தானே குற்றம்?

"மன்னிச்சிரு தாயே," என்று ஒரே வெட்டு. நூல் மடியில் விழுந்தது. வெளியே வீச மனம் வராமல் பர்ஸில் வைத்து மூடினாள். கொஞ்சம் அழுதாள். ஆனாலும் கை லேசாக இருந்தது, பொய் சொல்லக் கூடாது.

வழி நெடுக ரியாஸ் சாரைக் கூப்பிட்டுப் பார்த்தாள். தொடர்பு எல்லைக்கு வெளியே என்றே சொல்லிக்கொண்டிருந்தது. ஷூட்டிங் வேலையில் இருப்பார் என்று சமாதானப்பட்டாள்.

வெள்ளிக்கிழமை காலை ஒன்பதரைக்கு வடபழனி ஆபீஸ் வாசலில் போய் நின்றால், கதவில் பூட்டுத் தொங்குகிறது.

"ஷூட்டிங்கா? இங்க ஒருத்தரும் இல்லியேம்மா," என்றார் வாட்ச்மேன். "நேத்தே எல்லாரும் வண்டியேறிட்டாங்க."

எங்கே என்று அவள் கேட்பதற்குள் கையில் போன் அலறியது. அம்மா. சரி, குட்டு உடைந்துவிட்டது, வசவு விழப்போகிறது என்று கண்ணை மூடிக்கொண்டு காதில் வைத்தாள்.

வசவு இல்லை. மேளச் சத்தத்துக்கு மேலே மாரித்தாய் சந்தோஷத்தில் கத்தினாள்.

"ஏட்டி, எங்கட்டி கெடக்க? ஒன்னயக் கூப்புட்ட டிவிக்காரவுக ரெண்டு வேன்ல நம்ம கோயில் வாசல்லயே வந்து எறங்கிட்டாவ! நம்ம கொடையத்தான் படம் எடுக்காவளாம்!"

யோகலட்சுமி தன் வெறும் மணிக்கட்டைப் பார்த்தாள். பர்ஸை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

"காப்பு கட்டுன கையத்தான் மொதல்ல படம் புடிக்கணுமாம், வெரசா வாட்டி!"