ரகசிய விசாரணை

"சித்தூர்லேர்ந்து வர்றேன். எல்லை பிரிக்கிறாங்க இல்ல, அதுக்கு ரகசிய விசாரணை," என்றார் கோவர்த்தனன், குரலை அதட்டலாக வைத்துக்கொண்டு.

நகரியில் அந்த வீட்டுக்காரி ஜெயம்மா நாற்காலி போட்டாள்.

"ஊட்ல என்ன பாஷை?"

"எங்களுக்குள்ள தமிழு. மாட்டுகிட்ட தெலுங்கு."

"மாட்டுகிட்ட ஏன்?"

"காளஹஸ்தியில வாங்கினது."

அவர் தொண்டையைச் செருமினார். "திருத்தணி மெட்ராஸோட போயிடும், நகரி ஆந்திராவுலயே நின்னுடும்னு பேசிக்கிறாங்க. அங்கேர்ந்து மருமக வந்தா, எல்லைக்கோட்டைத் தாண்டி தாய்வீட்டுக்கு அனுப்புவீங்களா?"

ஜெயம்மா அவரையே பார்த்தாள். பிறகு உள்ளே போய் இலை போட்டாள்.

"கேட்டப்பல்லாம் அனுப்புவேன். கை கழுவிக்கினு வாங்க, சம்பந்தி."

அவர் எழுந்து நின்றுவிட்டார்.

"சர்க்காரு ஆளு இதைக் கேக்க மாட்டாரு," என்றாள் ஜெயம்மா. "வெள்ளிக்கிழமை திருத்தணியில உங்க ஊட்டுக்குப் பொண்ணு பாக்க வரப்போ, உங்களை முன்னபின்ன பாக்காத மாதிரியே இருந்துக்கிறேன்."