எழுந்து நிற்க வைத்த மெட்டு

“இந்த மெட்டு முடியட்டும். அப்புறம் உன்கிட்ட ஒண்ணு கேக்கணும்.”

“இப்பவே கேட்டா குறைஞ்சா போயிடுவீங்க?”

“ம்ஹூம். எனக்குக் கூச்சம். மெட்டு இல்லாம வாய் வராது.”

கல்யாணத்துக்கு முந்தைய வாரம், இசையமைப்பாளரான அவர் தனக்கு மனைவியாகப் போகிறவளிடம் சொன்னது இது. மெட்டு முடிந்தது. அவர் கேட்பதற்குள், நண்பர் ஒருவர் ஆர்வக்கோளாறில் அதை நாட்டின் கீதத்துக்கான போட்டிக்கு அனுப்பிவிட்டார். அது தேசிய கீதமாகிவிட்டது!

“என்னமோ கேக்கணும்னீங்களே?” என்று அவளும் விடாமல் கேட்டுப் பார்த்தாள். “இனி அது நடக்காதும்மா” என்று மழுப்பிவிடுவார்.

நாற்பது வருடமாக அந்த மெட்டு ஒலித்தால் நாடே எழுந்து அசையாமல் நிற்கிறது. அவர் சவரம் செய்துகொண்டே முணுமுணுத்தால்கூடப் போதும், பக்கத்து வீட்டு ரிட்டயர்ட் போலீஸ்காரர் சாப்பாட்டுத் தட்டோடு ஜன்னலில் விறைத்து நிற்பார்.

அந்தக் கீதத்துக்குத்தான் இன்று சோதனை. அதை மாற்றுவதா என்று நாடாளுமன்றத்தில் வாக்கெடுப்பு. அவளோ காலையிலேயே ரேடியோவை அழுக்குத்துணிக் கூடைக்குள் ஒளித்துவிட்டாள்.

மகள் மூச்சு வாங்க மாடிப்படி ஏறி வந்தாள். “அம்மா, போச்சு! பழசை எடுத்துட்டாங்க. இன்னையிலேருந்து புதுப் பாட்டுதான்.”

“மெதுவாடி! ரத்தக் கொதிப்பு உள்ள மனுஷன், தாங்குவாரா?”

“தெருவே பேசுதும்மா. எப்படி மறைப்பே?”

“நான் பக்குவமா சொல்லிக்கிறேன். நீ மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்காதே.”

அறைக் கதவு படாரென்று திறந்தது. சலவைச் சட்டையும் பளபளக்கும் ஷூவுமாக அவர் நின்றார். முகம் சிவந்திருந்தது.

“முடிவு வந்துடுச்சா?”

“என்ன முடிவுங்க?”

“முழுப் பூசணிக்காயைச் சோத்துல மறைக்காதே. துணிக்கூடையில ரேடியோவைப் பாத்தப்பவே புரிஞ்சுபோச்சு. சொல்லு, எடுத்துட்டாங்களா?”

அவள் அவர் கையைப் பிடித்தாள். “எடுத்துட்டாங்க. மனசைத் தளர விட்டுடாதீங்க. ஊரே மறந்தாலும் நான் மறக்க மாட்டேன்...”

“நிஜமாவா? இனிமே அதுக்கு யாரும் எழுந்து நிக்க வேண்டாமா?”

“வேண்டாம்ப்பா...” மகளுக்குக் கண் கலங்கிவிட்டது.

“அப்பாடா!” என்றவர், டீ மேஜையைச் சுவரோரம் தள்ளினார். நாற்காலிகளையும் தள்ளினார். “பியானோவுல உக்காரு கண்ணு. அதையே வாசி. அவங்க இழுத்து இழுத்துப் பாடுவாங்களே, அப்படி இல்ல. நான் போட்ட வேகத்துல, துள்ளித் துள்ளி!”

மகள் குழப்பத்தோடு வாசித்தாள். இத்தனை நாள் கட்டிப்போட்டிருந்த கன்றுக்குட்டி போல மெட்டு துள்ளிக் கிளம்பியது. மனைவியோ, பழக்க தோஷத்தில், கைகளை உடம்போடு ஒட்ட வைத்துக்கொண்டு விறைத்து நின்றாள்.

அவர் சிரித்தபடி அந்தக் கைகளில் ஒன்றை மெல்லப் பிரித்து எடுத்துக்கொண்டார்.

“நாம நின்னது போதும். இது உனக்காகப் போட்ட மெட்டு. இப்பவாவது என்கூட ஒரு ஆட்டம் ஆடுறியா?”