ஏழு நாள் சிவப்பு

தேய்க்கத் தேய்க்கப் பரவுகிறது.

முதலில் ஒரு ரூபாய்க் காசு அளவுதான் இருந்தது. இப்போது உள்ளங்கை அளவு.

வெளிர் நிறக் கார்ப்பெட். வாப்பா தான் வேலை பார்க்கும் சவூதியின் தம்மாமிலிருந்து கொண்டுவந்தது. லீவில் வந்தால் வெள்ளிக்கிழமை காலையில் யாரையும் தொட விடாமல் அவரே தூசி எடுப்பார். வீட்டில் எல்லோரும் தொழுவது இதன்மேல்தான்.

அதில் சிவப்பு நெயில் பாலிஷ்.

அறைக்குள் உட்கார்ந்து பூசியிருக்கலாம். ஆனால் உம்மா பார்க்க வேண்டும். அதற்காகத்தான் மகள் கூடத்துக்கு வந்தாள்.

நகத்தில் பாலிஷ் இருந்தால் தண்ணீர் நகத்தில் படாது. தொழுகைக்கு முன் கை கால் கழுவும் ஒளு செல்லாது. அதனால் இந்த வீட்டில் பாலிஷ் புட்டி மாதம் ஒரு முறைதான் வெளியே வரும். தொழ வேண்டாத அந்த ஏழு நாட்களில். யாரும் எதுவும் கேட்க மாட்டார்கள். நகத்தைப் பார்ப்பார்கள். புரிந்துகொள்வார்கள்.

இரண்டு மாதமாகப் புட்டி வெளியே வரவில்லை.

இரண்டு மாதமாக அவள் ஒரு வேளை விடாமல் தொழுகிறாள்.

நேற்றுச் சாப்பிடும்போது வாப்பா சொன்னார்.

"மாஷா அல்லாஹ், எம்புள்ள ஒரு வேள விடுறதில்ல. நா லீவுல வந்து ரெண்டு மாசமா பாக்குறேன்."

உம்மா சோற்றில் ஆணம் ஊற்றிக்கொண்டிருந்தாள். கரண்டி அப்படியே நின்றது. மகளை ஒரு முறை பார்த்தாள். பிறகு ஊற்றினாள்.

அந்தப் பார்வைக்குத்தான் இந்தப் பாலிஷ்.

இடது கை முடிந்தது. கை மாற்றும்போது புட்டி நழுவிச் சாய்ந்தது. அவ்வளவுதான்.

ரிமூவரைக் கொட்டிப் பழைய சட்டையால் அழுத்தித் தேய்த்தாள். சிவப்பு இளகியது. ரோஜா நிறமாகி ஓரங்களுக்கு நடந்தது. நெடி மூக்கில் ஏறி வயிற்றைப் புரட்டியது. காலையில் ஒரு முறை புரட்டியது. இது இரண்டாவது. வாயைப் பொத்தி விழுங்கினாள்.

கல்லூரிப் பேருந்தில் ஏறாமல் அவனோடு போனது ஒரே ஒரு நாள். அவனுடைய போன் மூன்று வாரமாக அணைந்து கிடக்கிறது.

யா அல்லாஹ், இந்தக் கறை மட்டும் போகட்டும். மற்றதைப் பிறகு கேட்கிறேன்.

"தேய்க்காத புள்ள."

உம்மா. எப்போது வந்தாள் என்றே தெரியவில்லை.

"தேய்ச்சா உள்ள எறங்கும். ஒத்தி எடுக்கணும். ஓரத்துலேந்து நடுவுக்கு வா. காலேஜுக்குப் போயி என்னத்தத்தான் படிக்கிறியோ."

ஏச்சைக் கேட்டதும் அவளுக்கு மூச்சு வந்தது. உம்மா ஏசுகிறாள் என்றால் எல்லாம் எப்போதும்போல் இருக்கிறது.

உம்மாவின் கண் இடது கையில் நின்றது. ஐந்து நகமும் சிவப்பு. கண் நகர்ந்தது.

நம்பிவிட்டாள்.

உம்மா ஸ்பூனால் கெட்டியானதைச் சுரண்டினாள். பஞ்சு கேட்டாள். வீட்டில் பஞ்சு இல்லை.

"வாப்பா பள்ளியில அசர் தொழுதுட்டு வந்துருவாக" என்று முணுமுணுத்தபடி அறைக்குள் போனாள். அலமாரி திறக்கும் சத்தம்.

அப்போதுதான் நினைவு வந்தது. மேல்தட்டு.

எழ நினைத்தாள். அதற்குள் அலமாரி மூடும் சத்தம்.

உம்மா திரும்பி வந்தாள். கையில் நாப்கின் பாக்கெட். ஈரத்தை உறிஞ்ச வீட்டில் அதைவிட நல்லது எது இருக்கிறது. வாப்பா லீவில் வந்த வாரம் உம்மாவே மகளுக்காக வாங்கி வைத்தது. உம்மாவுக்கு அது தேவைப்படாமல் வருடங்கள் ஆகிவிட்டன.

நடந்தபடியே பிரிக்கப் போன விரல் நின்றது.

பாக்கெட் ஒட்டியது ஒட்டியபடியே இருந்தது.

உம்மா அதைத் திருப்பிப் பார்த்தாள். மறுபடியும் திருப்பிப் பார்த்தாள். பிறகு கீழே, அந்த ஐந்து நகங்களை.



அடி விழும் என்று தலையைக் குனிந்துகொண்டாள். விழவில்லை. விழுந்திருந்தால் பரவாயில்லை.

பாக்கெட் கிழியும் சத்தம் கேட்டது.

உம்மா மண்டியிட்டாள். ஒரு நாப்கினைக் கறைமேல் வைத்து இரண்டு கைகளாலும் அமுக்கினாள். வெகுநேரம் அமுக்கினாள். எடுத்தபோது நடுவில் சிவப்பு.

இரண்டு மாதமாக ஒவ்வொரு விடியலிலும் அவள் தேடிய சிவப்பு.

உம்மாவும் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இன்னொன்று. இன்னொன்று.

கறை வெளிறியது. போகவில்லை.

உம்மா டீப்பாயை அதன்மேல் இழுத்துப் போட்டாள். மூன்று நாப்கினையும் செய்தித்தாளில் சுருட்டினாள். புட்டியை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். அடியில் கொஞ்சம் மிச்சம் இருந்தது.

எதிரே உட்கார்ந்தாள்.

"அந்தக் கையக் கொண்டா."

அவளுக்குப் புரியவில்லை. உம்மாவே வலது கையை இழுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

பெருவிரல். ஆட்காட்டி விரல். உம்மா இதுவரை யாருக்கும் பூசியதில்லை. பாலிஷ் நகம் தாண்டித் தோலில் வழிந்தது. துடைக்கவில்லை. மூக்கு நுனியில் வந்து நின்ற சொட்டையும் துடைக்கவில்லை.

சுண்டு விரல் முடியும்போது வாசலில் கேட் திறந்தது.

வாப்பா ஸலாம் சொல்லி உள்ளே வந்தார். நெடிக்கு முகம் சுளித்தார். ஏதோ கேட்க வாயெடுத்தார். மகளின் நகங்களைப் பார்த்தார். கேட்காமல், பார்க்காததுபோல், அறைக்குள் போய்விட்டார்.

"யோசிக்க ஏழு நாளு இருக்கு" என்றாள் உம்மா, உதடு அசையாமல்.

மகளின் விரல்களில் ஊதினாள். ஈரம் காயட்டும் என்பதுபோல் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

பாலிஷ் எப்போதோ காய்ந்துவிட்டது. உம்மா கையை விடவில்லை.