இரண்டு விரற்கடை

இழவு வீட்டு வாசலில் ஆண்கள் துக்கம் கேட்கும் விதத்தைத்தான் நம்பிராஜன் நாற்பதடி உயர இரும்புச் சிலையாகச் செய்திருந்தான். பறிகொடுத்தவர் இரண்டு கைகளையும் ஏந்தி நீட்ட, வந்தவர் தன் கைகளை அவற்றின்மேல் வைக்கிறார். கைகள் மட்டும்தான், முகங்கள் இல்லை. திறப்பு விழாவில் பேசிய எல்லாரும் மனிதனை மனிதன் தொடுவதைப் பற்றியே பேசினார்கள். பொன்னாடையும் பூங்கொத்துமாக மேடையை விட்டு இறங்கியவன், சிலைக்கு நேர் கீழே அண்ணன் சங்கரபாண்டி அண்ணாந்து நிற்பதைக் கண்டான். மதினி இறந்த பிறகு அண்ணனை இப்போதுதான் பார்க்கிறான். அவள் இறந்த அன்றைக்கு இந்தக் கைகளைத் தூக்கி நிறுத்தக் கிரேன் வந்திருந்தது. போகவில்லை. பதினாறாம் நாளுக்குப் போகலாம் என்றிருந்தான். அதற்குள் வெல்டிங் தொடங்கிவிட்டது. அதன்பின் எந்த முகத்தோடு போவது?

"ரெண்டும் ஒட்டலையேடே," என்றார் அண்ணன், மேலே பார்த்தபடியே. சிலையின் கைகளுக்கு நடுவே கீற்றாக வானம் தெரிந்தது. தூரத்தில் நிற்பவர்கள் கண்ணுக்கு அது படாது.

"வெயில்ல இரும்பு விரியும்ணே. ரெண்டு விரக்கடை எடம் விட்டாத்தான் நிக்கும்."

"அப்படியா," என்ற அண்ணன், மடித்துக் கட்டியிருந்த வேட்டியை இறக்கிவிட்டு, அவனுக்கு முன்னால் இரண்டு கைகளையும் ஏந்தி நீட்டினார்.

பின்னால் கைதட்டல் இன்னும் ஓயவில்லை. நம்பிராஜன் பூங்கொத்தை எங்கே வைப்பதென்று தெரியாமல் சுற்றிலும் பார்த்தான்.